ஆவாரை

ஆவாரை (சென்னா ஆரிகுலேட்டா) என்பது அவரைக் குடும்பம் எனப்படும் ஃபேபேசியே குடும்பத்தைச் சேர்ந்த ஒரு புதர்ச்செடியாகும். பொன்மஞ்சள் நிறப் பூக்களைக் கொத்துக் கொத்தாகப் பூக்கும் இச்செடி இந்தியா, இலங்கை ஆகிய நாடுகளின் வறண்ட நிலப்பகுதிகளைத் தாயகமாகக் கொண்டது, மியான்மரிலும் காணப்படுகின்றது. ஆவிரை, ஆவாரம், ஆவாரஞ்செடி என்றும் இது வழங்கப்படும். சங்க இலக்கியத்தில் இடம்பெற்ற இதன் பூ இன்றும் பொங்கல் விழாவில் பயன்படுகின்றது. இதன் பட்டை ஏறத்தாழ ஒரு நூற்றாண்டுக் காலம் சென்னை மாகாணத்தின் தோல் ஏற்றுமதிக்கு அடிப்படையாக விளங்கியது. தெலுங்கானா மாநிலத்தின் மாநில மலரும் இதுவே.

பெயர்கள்

சங்க நூல்களில் காணப்படும் பழைய வடிவம் ஆவிரை என்பதாகும். ஆவாரை, ஆவாரம் என்பன பிற்கால வழக்குகள். பெயர் ஒலிப்பில் நெருங்கியிருந்தாலும், காய்கறியாக உண்ணப்படும் அவரை வேறு செடியாகும்; இரண்டும் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை என்பது மட்டுமே அவற்றுக்கிடையே உள்ள உறவு. தெலுங்கில் தங்கேடு எனவும், கன்னடத்தில் தங்கடி, ஆவரிகெ எனவும், மலையாளத்தில் ஆவரம் எனவும், இந்தியில் தர்வார் எனவும், சிங்களத்தில் ரணவரா எனவும் இது அழைக்கப்படுகின்றது. ஆங்கிலத்தில் தோல் பதனிடுவோரின் காசியா என்னும் பொருளில் டேனர்ஸ் காசியா என்றும், இலங்கை வழக்கையொட்டி மாத்தறைத் தேயிலை என்னும் பொருளில் மாத்தறா டீ என்றும் இதற்குப் பெயர்கள் உண்டு. முதற்பெயர் பட்டையின் பயனையும் இரண்டாவது பெயர் பூவின் பயனையும் காட்டுகின்றன.

கார்ல் லின்னேயசு 1753 ஆம் ஆண்டில் இதனைக் காசியா ஆரிகுலேட்டா எனப் பெயரிட்டு விவரித்தார். வில்லியம் ராக்சுபரோ எழுதி அவரது மறைவுக்குப் பின் 1832 இல் வெளிவந்த ஃபுளோரா இண்டிகா நூலில் இது சென்னா பேரினத்தில் வைக்கப்பட்டது. எனினும், நெடுங்காலம் பெரும்பாலான நூல்கள் காசியா என்றே எழுதி வந்தன. 1982 இல் இர்வின், பார்னபி ஆகியோர் பழைய காசியா பேரினத்தைக் காசியா, சென்னா, கமேகிரிசுட்டா என மூன்றாகப் பிரித்து விரிவான ஆய்வை வெளியிட்ட பின்னரே சென்னா என்னும் பெயர் நிலைபெற்றது. இதனால், பழைய சித்த மருத்துவ நூல்களிலும் ஆய்வுக் கட்டுரைகளிலும் காசியா ஆரிகுலேட்டா எனக் காணப்படுவதும் இச்செடியே என்பதை மாணவர்கள் நினைவிற் கொள்ளல் வேண்டும். ஆரிகுலேட்டா என்னும் இலத்தீன் அடைமொழி "காது போன்ற உறுப்பை உடையது" எனப் பொருள்படும். இலைக்காம்பின் அடியில் உள்ள அகன்ற இலையடிச் செதில்களையே அது குறிக்கின்றது.

தாவர விளக்கம்

ஆவாரை என்றும் பசுமையாக இருக்கும் செடி. பொதுவாக இடுப்பளவு முதல் ஆளுயரம் வரை வளரும்; வெட்டுப்படாமல் விடப்பட்டால் சிறு மரம் போல உயர்வதும் உண்டு. அடியிலிருந்தே பல கிளைகள் விரியும். பட்டை வழவழப்பானது, இலவங்கப்பட்டை போன்ற செம்பழுப்பு நிறமுடையது. இலைகள் இறகு போன்ற கூட்டிலைகள். ஒவ்வொரு கூட்டிலையிலும் 8 முதல் 12 இணைச் சிற்றிலைகள் இருக்கும். நுனியில் ஒற்றைச் சிற்றிலை இராது. ஒவ்வோர் இணைச் சிற்றிலைகளுக்கும் நடுவே காம்பின்மேல் நிமிர்ந்த மெல்லிய சுரப்பி ஒன்று காணப்படும். சிற்றிலைகள் ஏறத்தாழ 2 முதல் 2.5 செ.மீ. நீளமும், நுனியில் சிறிய முள் போன்ற கூர்மையும் உடையன.

செடியை அடையாளங் காண மிக எளிய வழி இலையடிச் செதில்களைப் பார்ப்பதேயாகும். சிறுநீரக வடிவில் அகன்று, இலையைப் போலவே பசுமையாக, காம்பின் அடியில் காது விரித்தாற்போல் இவை நிற்கும், எளிதில் உதிர்வதில்லை. பூ இல்லாத காலத்திலும் இவ்வடையாளம் கைகொடுக்கும்.

அவரைக் குடும்பம் என்றவுடன் பட்டாணி, அவரை ஆகியவற்றின் வண்ணத்துப் பூச்சி வடிவப் பூக்களே நினைவுக்கு வரும். ஆவாரம்பூ அவ்வாறானதன்று. இது சீசல்பினியோயிடே துணைக் குடும்பத்தைச் சேர்ந்தது. கொன்றைக்கு நெருங்கிய உறவுடையது. ஏறத்தாழ ஒத்த ஐந்து இதழ்கள் விரிந்து, ஓரங்கள் சுருங்கி நெளிந்து காணப்படும். பூ 4 முதல் 5 செ.மீ. குறுக்களவு உடையது. மகரந்தத் தாள்கள் பத்து. அவற்றுள் மேற்புறம் உள்ள மூன்று மலட்டுத் தாள்கள். காய் தட்டையானது, காகிதம் போன்று மெல்லியது, 7 முதல் 11 செ.மீ. நீளமுள்ளது, 12 முதல் 20 விதைகளைக் கொண்டது. விதைகள் இருக்கும் இடங்களில் காய் சற்றே புடைத்திருக்கும். அவரைக் குடும்பத்து வெடிகனிகள் பலவற்றைப்போல் முறுக்கி வெடிப்பதில்லை. காய்ந்து பழுப்பேறிக் கிளையிலேயே நெடுநாள் தொங்கிக் கொண்டிருக்கும்.

மகரந்தச் சேர்க்கை

சென்னா பேரினத்துப் பூக்களில் தேன் சுரப்பதில்லை. வண்டுகளுக்கு அவை கொடுப்பது மகரந்தத் தூள் ஒன்றையே. அத்தூளும் எளிதிற் கிடைப்பதன்று. மகரந்தப் பைகள் நீளவாக்கில் பிளவாமல், நுனியில் உள்ள சிறு துளை வழியாகவே திறக்கும். தச்சு வண்டு போன்ற பெரிய தேனீ இனங்கள் பூவைப் பற்றிக்கொண்டு, சிறகுகளை அசைக்காமலே மார்புத் தசைகளை அதிரச் செய்யும்போது, உப்புக் குடுவையைக் குலுக்கினாற்போல் தூள் வெளிவருகின்றது. அதிர்வு மகரந்தச் சேர்க்கை எனப்படும் இம்முறையில், நடுவில் உள்ள குட்டைத் தாள்களின் தூளை வண்டு உணவாகச் சேகரிக்கின்றது. வளைந்து நீண்ட கீழ்த் தாள்களின் தூள் அதன் உடலின்மேற் படிந்து அடுத்த பூவிற்குச் செல்கின்றது. காலை வேளையில் ஆவாரம் புதரருகே நிற்போர் இவ்வதிர்வின் ரீங்காரத்தைக் காதாற் கேட்கலாம்.

கத்தோப்சிலியா பேரினத்தைச் சேர்ந்த வெளிர்நிற வண்ணத்துப் பூச்சிகளின் புழுக்கள் இதன் இலைகளைத் தின்று வளர்கின்றன.

வாழிடம்

கரிசல், செம்மண், கல்லாங்குத்து நிலம், சாலையோரம், தொடர்வண்டிப் பாதையோரம் எனப் பெரும்பாலும் பிற செடிகள் வளரத் தயங்கும் இடங்களில் ஆவாரை வளர்கின்றது. கடும் வறட்சியையும் ஓரளவு உவர் நிலத்தையும் தாங்கும். ஆடு மாடுகள் இதனைப் பெரிதும் விரும்பி உண்பதில்லை. மேய்ச்சல் மிகுந்த தரிசுகளில் புல்லும் பிற செடிகளும் அழிந்த பின்னும் ஆவாரையும் விராலியும் எஞ்சி நிற்பதற்கு இதுவே காரணம். ஒரு மேய்ச்சல் நிலம் முழுவதும் ஆவாரை பூத்திருப்பது கண்ணுக்கு இனிமையாயினும், அந்நிலம் அளவுக்கு மீறி மேய்க்கப்பட்டதன் அடையாளமாகவும் அது இருக்கலாம்.

இதன் தழை நெல் வயல்களுக்குத் தழையுரமாக இடப்பட்டு வந்துள்ளது. அவரைக் குடும்பச் செடிகள் யாவும் வேர்முடிச்சுகளின் வழியாக மண்ணில் தழைச்சத்தை நிலைப்படுத்தும் என்னும் கருத்து பரவலாக உள்ளது. ஆனால், சென்னா பேரினத்தில் பெரும்பாலான இனங்களுக்கு வேர்முடிச்சுகள் இல்லை. ஆகவே ஆவாரையின் உரப்பயன் அதன் தழை மக்குவதால் விளைவதே.

கடந்த பல பத்தாண்டுகளில் தமிழ்நாட்டுத் தரிசுகள் பலவற்றில் அயல்நாட்டு இனமான சீமைக்கருவேலம் அடர்ந்து பரவி ஆவாரையின் இடத்தைப் பிடித்துக் கொண்டது. ஊர்ப்புறங்களில் தரிசுகள் மனைகளாக மாறியதும் இதற்குக் குந்தகமாயிற்று. பொங்கலுக்குப் பூப்பறிக்க வேலிவரை சென்றால் போதும் என்றிருந்த ஊர்களில் இப்பொழுது அது சந்தையில் கட்டு கட்டாக விற்கப்படுகின்றது.

தோல் பதனிடுதலில் ஆவாரம் பட்டை

ஆவாரம் பட்டையில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு டானின் எனப்படும் துவர்ப்பொருள் உள்ளது. இத்துவர்ப்பொருள் விலங்குத் தோலின் புரத இழைகளுடன் பிணைந்து, தோல் அழுகாமலும் காய்ந்தால் விறைத்துப் போகாமலும் இருக்கச் செய்கின்றது. சுண்ணாம்பு நீரில் ஊறவைத்து மயிரும் சதையும் நீக்கப்பட்ட தோல்கள், நொறுக்கிய ஆவாரம் பட்டை ஊறிய நீரில் இடப்படும். நாள் செல்லச் செல்லக் கூடுதலான செறிவுடைய பட்டை நீருக்கு மாற்றப்பட்டு, சில வாரங்களில் தோல் பதமாகும். ஆவாரம் பட்டையால் பதனிட்ட தோல் வெளிர் மஞ்சளாக அழகுடன் இருந்தாலும், வெயில் பட்டால் சிவந்துவிடும் குறையுடையது. இதனைத் தடுக்க இறுதியில் கடுக்காய் நீரில் நனைத்து, பின் எண்ணெய் பூசி உலர்த்துவர். பட்டை, கடுக்காய், எண்ணெய் என்னும் இம்மூன்றும் சேர்ந்ததே தென்னிந்தியப் பதனிடும் முறை.

இவ்வாறு அரைப்பதமாக்கப்பட்ட தோல்கள் 19 ஆம் நூற்றாண்டில் சென்னைத் துறைமுகத்திலிருந்து இலண்டன் சந்தைக்குப் பெருமளவில் ஏற்றுமதியாயின. அங்கு அவை ஈஸ்ட் இந்தியா கிப்ஸ் எனப் பெயர் பெற்றிருந்தன. திண்டுக்கல், திருச்சிராப்பள்ளி, ஈரோடு, வாணியம்பாடி, ஆம்பூர், பல்லாவரம் முதலிய ஊர்களில் தோல் பதனிடும் நிலையங்கள் பெருகின. முதலாம் உலகப் போரின்போது பிரித்தானியப் படையினரின் காலணி மேற்பகுதிகளுக்கு இத்தோல் பெரிதும் தேவைப்பட்டது. பட்டையின் தேவை மாகாணத்தின் தரிசுகளோடு நிற்கவில்லை. மைசூர், ஐதராபாத் சமத்தானங்களிலிருந்தும் அது வரவழைக்கப்பட்டது.

பட்டை சேகரித்தல் ஏழை மக்களின் கோடைக்காலத் தொழிலாக இருந்தது. கிளைகளை வெட்டி, கட்டையால் தட்டிப் பட்டையை உரித்து, உலர்த்திக் கட்டுவர். அடிக்கட்டை விடப்பட்டால் செடி மீண்டும் தழைக்கும். ஆனால் நல்ல பட்டை தருவதற்கு இரண்டு மூன்று ஆண்டுகளேனும் அதற்குத் தேவைப்படும். விலை ஏறியபோது அவ்விடைவெளி கிடைக்கவில்லை. தானே வளரும் காட்டுச் செடியை மட்டும் நம்பியிருந்த ஒரு பெருந்தொழிலின் வலுக்குறைவு இங்குதான் வெளிப்பட்டது.

1903 ஆம் ஆண்டில் ஆல்பிரட் சாட்டர்டன் சென்னைக் கலைத் தொழிற் பள்ளியில் குரோம் உப்பினால் தோல் பதனிடும் சோதனைகளைத் தொடங்கினார். கமலை இறைக்கும் தோற்பைகளுக்கு, நீரில் நெடுநாள் உழைக்கும் குரோம் தோல் ஏற்றதாகக் கருதப்பட்டது. சென்னையின் புறநகரான குரோம்பேட்டை தன் பெயரை அங்கிருந்த குரோம் தோல் தொழிற்சாலையிலிருந்தே பெற்றது. மற்றொரு புறம், தென்னாப்பிரிக்காவிலிருந்து இறக்குமதியான வாட்டில் எனப்படும் சீமைவேல் பட்டை, கூடுதலான துவர்ப்பொருளுடன் சீரான தரத்தில் கிடைத்ததால் ஆவாரம் பட்டையின் இடத்தைப் பிடித்தது. 1946 இல் தென்னாப்பிரிக்காவின் இனவொதுக்கலை எதிர்த்து இந்தியா அந்நாட்டுடன் வணிக உறவை முறித்துக் கொண்டபோதும் தொழில் ஆவாரைக்குத் திரும்பவில்லை. நீலகிரியிலும் பழனி மலையிலும் சீமைவேல் தோட்டங்கள் விரிவாக்கப்பட்டன. சோலைக்காடுகளைச் சூழ்ந்த இயற்கைப் புல்வெளிகள் பல அத்தோட்டங்களுக்கு இரையாயின. சமவெளியின் ஒரு புதர்ச்செடி கைவிடப்பட்டதன் விலையை மலைப் புல்வெளிகள் கொடுத்தன எனலாம்.

குரோம் முறையில் வாரக்கணக்கான வேலை சில நாட்களில் முடிந்துவிடும். ஆனால், அதன் கழிவு பாலாற்றுப் படுகையில் விளைவித்த கேடு நாடறிந்தது. வேலூர்ப் பகுதி மக்கள் தொடுத்த வழக்கில் 1996 ஆம் ஆண்டு ஆகசுட்டு 28 அன்று இந்திய உச்ச நீதிமன்றம் வழங்கிய தீர்ப்பு, மாசுபடுத்துவோரே இழப்பீடு தரவேண்டும் என்னும் கோட்பாட்டை இந்தியச் சட்டத்தில் உறுதிப்படுத்திய தீர்ப்புகளுள் ஒன்றாகும். பட்டைப் பதனிடுதல் மாசற்றது என்று இதனாற் கொள்ளல் ஆகாது. தோலைக் கெடாமல் வைக்க இடும் உப்பும், மயிர் நீக்கும் சுண்ணாம்பும் இரு முறைகளுக்கும் பொதுவானவை.

மருத்துவப் பயன்பாடு

சித்த மருத்துவத்தில் ஆவாரையின் இலை, பூ, பட்டை, வேர், விதை ஆகிய ஐந்து உறுப்புகளும் பயன்படுகின்றன. இவ்வைந்தும் சேர்ந்தது ஆவாரைப் பஞ்சாங்கம் எனப்படும். மதுமேகம் எனப்படும் நீரிழிவுக்கு வழங்கப்படும் ஆவாரைக் குடிநீர் என்னும் கூட்டு மருந்தில் ஆவாரையுடன் கொன்றை, நாவல், மருது முதலியன சேர்கின்றன. துவர்ப்புச் சுவை மிகுந்ததால் பட்டை நீர் வாய்கொப்பளிக்கவும் பயன்படும். பூவை உலர்த்திப் பாசிப்பயற்றுடன் அரைத்துக் குளியற்பொடியாகத் தேய்ப்பதும், பூவைப் பருப்புடன் கூட்டாகச் சமைப்பதும், வெயிலிற் செல்வோர் இலைகளைத் தலையில் வைத்துக் கட்டிக்கொள்வதும் நாட்டு வழக்குகள். இலங்கையில் உலர்ந்த ரணவராப் பூவைக் கொதிக்கவைத்துத் தேநீர் போலக் கருப்பட்டியுடன் அருந்துவர். ஆவாரை பூத்திருக்கும்போது இறப்பாரும் உண்டோ என்னும் கருத்தில் அமைந்த தமிழ்ப் பழமொழி பெரிதும் அறியப்பட்டதாகும்.

அப்பழமொழியை அப்படியே மருத்துவ உண்மையாகக் கொள்ளல் தவறு. பூவின் சாறு நீரிழிவு உண்டாக்கப்பட்ட எலிகளில் குருதிச் சர்க்கரையைக் குறைத்ததாக ஆய்வுகள் பல வெளிவந்துள்ளன. எலிகளிற் கண்ட விளைவு மனிதருக்கும் அதே அளவில் பொருந்தும் என்பதற்கு அவை மட்டும் சான்றாகமாட்டா. அதே போன்ற விலங்கு ஆய்வுகள் எச்சரிக்கைகளையும் தந்துள்ளன. இலங்கை மூலிகைகள் பலவற்றைச் சோதித்து 1981 இல் வெளியிடப்பட்ட ஆய்வு, ஈரலுக்குத் தீங்கு விளைவிக்கும் பைரோலிசிடின் வகை அல்கலாய்டுகள் காணப்பட்ட சில செடிகளுள் ஆவாரையையும் குறிப்பிட்டது. இலங்கை ஆய்வாளர்கள் 2004 இல் வெளியிட்ட மற்றோர் ஆய்வில், ஆவாரைக் குடிநீரும் வலிப்பு நோய் மருந்தான கார்பமாசெபீனும் சேர்த்துக் கொடுக்கப்பட்ட எலிகளின் குருதியில் அம்மருந்தின் அளவு கூடியிருந்தது. எனவே நாட்பட்ட நோய்க்கு மருந்துண்போர், குறிப்பாக இன்சுலின் எடுத்துக்கொள்வோர், அதனை நிறுத்திவிட்டு ஆவாரம்பூ நீரை நம்புவது உயிருக்கு இடர் தரக்கூடியது. சேர்த்து உண்பதாயினும் மருத்துவருக்கு அதனைத் தெரிவித்தல் வேண்டும்.

ஒத்த தோற்றமுள்ள செடிகள்

ஆவாரை என்று எண்ணி வேறு செடியைப் பறிப்பது அரிதன்று. பேயாவிரை எனப்படும் சென்னா ஆக்சிடென்டாலிசு மஞ்சள் பூவுடன் ஊர்ப்புறங்களில் மண்டி வளர்வது. அதன் சிற்றிலைகள் அகன்று கூர் நுனியுடன், நான்கைந்து இணைகளாகவே இருக்கும். கசக்கினால் கெட்ட நாற்றம் வீசும். காய் ஒடுங்கிச் சற்றே வளைந்திருக்கும். காது வடிவச் செதில்கள் அதற்கு இல்லை. மேற்கு உத்தரப் பிரதேசத்தில் ஆண்டுதோறும் குளிர்காலத்தில் சிறுவர்களைப் பலிகொண்டு வந்த மூளை, ஈரல் பாதிப்பு நோய்க்கு அச்செடியின் விதைகளைத் தின்றதே காரணம் என 2007 ஆம் ஆண்டளவில் மருத்துவர்கள் கண்டறிந்தனர். இவ்விரண்டையும் வேறுபடுத்தி அறிதல் வெறும் தாவரவியற் பயிற்சி மட்டுமன்று.

நிலாவாரை என்பது சென்னா அலெக்சாண்ட்ரினா. திருநெல்வேலி, தூத்துக்குடிப் பகுதிகளில் பயிரிடப்பட்டு, பேதி மருந்தாக உலகெங்கும் ஏற்றுமதியாவது. அதன் இலையுடன் ஆவாரை இலையைக் கலப்படம் செய்வது பழைய வணிகத்தில் இருந்த ஏமாற்று. ஆவாரை இலையைச் செறிந்த கந்தக அமிலத்தில் இட்டால் சிவப்பு நிறம் தோன்றுவதைக் கொண்டு அதனைக் கண்டுபிடித்தனர்.

இலக்கியத்திலும் விழாக்களிலும்

கபிலர் பாடிய குறிஞ்சிப்பாட்டில் அடுக்கிச் சொல்லப்படும் 99 பூக்களுள் ஆவிரையும் ஒன்று. ஆயினும் சங்க இலக்கியத்தில் இப்பூ சிறப்பிடம் பெறுவது மடலேறுதல் என்னும் துறையிலாகும். காதல் நிறைவேறாத தலைவன் பனை மடலாற் செய்த குதிரை மீது ஏறி, ஆவிரைப் பூமாலையும் எருக்கம்பூ மாலையும் அணிந்து, ஊரறியத் தெருவில் வருவான் என்பது அத்துறையின் கருத்து. குறுந்தொகை 173 ஆம் பாடலில் இவ்வழக்கம் ஆவிரைப் பூவுடன் சொல்லப்படுகின்றது. யாரும் விரும்பிச் சூடாத, வேலியோரத்துப் பூக்களை அணிவதே நாணத்தைத் துறந்தமைக்கு அடையாளமாயிற்று எனக் கருதலாம்.

அதே பூ இன்று மங்கலப் பொருள். தமிழ்நாட்டின் பல பகுதிகளில், குறிப்பாக மேற்கு மாவட்டங்களில், பொங்கலுக்கு முன் வீட்டுக் கூரையிலும் வாயிலிலும் வயலிலும் ஆவாரம்பூ, பூளைப்பூ, வேப்பிலை ஆகியவற்றைச் சேர்த்துக் காப்புக் கட்டுவர். மாட்டுப் பொங்கலன்று மாடுகளுக்கு ஆவாரை மாலை அணிவிப்பதும் உண்டு. கொங்கு நாட்டில் பொங்கலையொட்டிப் பெண்கள் கூட்டமாகச் சென்று ஆவாரம்பூப் பறித்து வருவது பூப்பறிக்கும் நோன்பு எனப்படும்.

தெலுங்கானாவில் புரட்டாசி, ஐப்பசி மாதங்களையொட்டி ஒன்பது நாட்கள் நடைபெறும் பதுக்கம்மா விழாவில், தட்டில் அடுக்கடுக்காகக் கோபுரம் போல் அமைக்கப்படும் பூக்களுள் தங்கேடு முதன்மையானது. பெண்கள் அதனைச் சுற்றிக் கைகொட்டிப் பாடியாடி, முடிவில் நீர்நிலையில் விடுவர். 2014 ஆம் ஆண்டு சூன் மாதம் தனி மாநிலம் அமைந்த பின், அவ்வாண்டு நவம்பரில் தங்கேடு மாநில மலராக அறிவிக்கப்பட்டது.

பரதன் இயக்கி 1992 இல் வெளிவந்த "ஆவாரம்பூ" என்னும் தமிழ்த் திரைப்படம், அவரே மலையாளத்தில் எடுத்த "தகர" என்னும் படத்தின் மீளாக்கமாகும். தகர என்பது மலையாளத்தில் தகரைச் செடிக்கும் பெயர்; அதுவும் சென்னா பேரினத்தைச் சேர்ந்ததே.

வளர்ப்பு

ஆவாரை விதையின் உறை கடினமானது. அப்படியே விதைத்தால் முளைப்பு ஒழுங்கற்றிருக்கும். சூடான நீரில் ஊறவைத்தோ, மணலுடன் தேய்த்தோ உறையைத் தளர்த்தி, மழைக்காலத் தொடக்கத்தில் நேரடியாக நிலத்தில் விதைப்பதே சிறந்தது. ஆணிவேர் விரைவாக ஆழம் செல்வதால் வளர்ந்த செடியைப் பெயர்த்து நடுதல் பெரும்பாலும் பயன் தருவதில்லை. முதல் ஆண்டிற்குப் பின் நீர் ஊற்ற வேண்டிய தேவை குறைவு. நீர் தேங்கும் இடங்களில் செடி வாடிவிடும். பூக்கும் காலம் முடிந்தபின் கிளைகளைக் கழித்துவிட்டால் அடுத்த மழைக்குப் புதிய தளிர்களுடன் அடர்ந்து வளரும்.